எஞ்சியோரின் கலை: ஜெனிபர் கெண்டலின் திரைப்பணி பற்றிய ஒரு சமூகவியல் நோக்கு

1

நடிப்பைப் பற்றித் தமிழில் எழுந்துள்ள எழுத்துக்கள் பெரும்பாலும் இருவகைப்படுவன. நடிகரைத் தனிமனித அற்புதமாகக் கண்டு போற்றும் இரசிக எழுத்து ஒன்று. நடிகரைப் பற்றிப் பேசுவதையே புலமைக்கு இழுக்காகக் கருதி, நெறியாளரையும் கதையையும் மாத்திரம் ஆராயும் எழுத்து மற்றது. முன்னது வணிக சினிமாவின் விளம்பரத்துறை ஏற்படுத்திவிட்ட பழக்கம். பின்னது, திரைப்படத்தையும் அச்சிட்ட நூலைப் போலவே படித்துப் பழகிய தமிழ்த்துறையினராகிய நமது பழக்கம். நடிப்பு என்பது குறிப்பிட்டதொரு சமூகச் சூழலில், குறிப்பிட்ட உற்பத்தி உறவுகளுக்கு உட்பட்டு நிகழும் உழைப்பு என்ற அடிப்படை உண்மை இவ்விரண்டிலுமே மறைந்துபோகின்றது.

அவ்வுண்மையை மீட்டுக்கொள்வதற்குத் துணைபுரியத்தக்க கலைவாழ்வு ஜெனிபர் கெண்டலுடையது (1933–1984). இங்கிலாந்தின் சவுத்போர்ட் நகரிற் பிறந்த இந்நடிகை, தம் வாழ்நாளின் பெரும்பகுதியை இந்தியாவிற் கழித்தவர். பம்பாய் வணிக சினிமாவின் எல்லைக்கு வெளியே எடுக்கப்பட்ட சில படங்களிலேயே அவர் நடித்தார். குறிப்பிடத்தக்கவை ஆறு: ஜேம்ஸ் ஐவரியின் 'சேக்ஸ்பியர் வாலா' (1965), 'பொம்பே டோக்கி' (1970), 'ஹீற் அன்ட் டஸ்ற்' (1983), சியாம் பெனகலின் 'ஜுனூன்' (1979), அபர்ணா சென்னின் '36 சௌரிங்கி லேன்' (1981), சத்தியஜித் ராயின் 'கரே பாயிரே' (1984) என்பன அவை. எண்ணிக்கையை அளவுகோலாகக் கொண்டால் இது சிறியதொரு கலைவாழ்வே. ஆயினும் அப்பாத்திரங்களை ஒருசேர வைத்து நோக்குமிடத்து ஒரு செய்தி புலனாகின்றது. நாட்டை ஆண்ட ஆங்கிலேயரை அவர் பெரும்பாலும் நடிக்கவில்லை. ஆட்சியின் நிழலில் ஊதியம் பெற்று வாழ்ந்து, ஆட்சி நீங்கியபோது தாம் நீங்க இயலாது எஞ்சி நின்றவர்களையே நடித்தார். அவரது கலையின் வலிமையும் எல்லையும் இவ்வுண்மையிலிருந்தே விளக்கப்படவேண்டும் என்பது இக்கட்டுரையின் கருத்தாகும்.

இப்பொருளைத் தீவகத்துச் சுருவிலிலிருந்து எழுதுவதற்குக் காரணம் உண்டு. ஆங்கிலக் கல்வியின் வழியாக எழுதுவினைஞர்களையும் ஆசிரியர்களையும் உருவாக்கி, அவர்களை மலாயா வரை அனுப்பி, அவர்களது ஓய்வூதியத்தில் வீடுகளைக் கட்டிக்கொண்ட சமூகம் யாழ்ப்பாணச் சமூகம். ஏகாதிபத்தியத்தின் ஊழியர் எனப்படுவோர் நமக்கு அந்நியர் அல்லர். அவர்கள் நமது பாட்டன்மாரும் பெரியதாய்மாருமேயாவர்.

2

ஜெனிபரின் நடிப்பு ஒரு பயிற்சிக் கல்லூரியில் உருவானதன்று. ஊரூராகச் சென்ற நாடகக் கொம்பனியொன்றில் உருவானது. தந்தை ஜெஃப்ரி கெண்டலும் தாய் லோரா லிடலும் நடத்திய 'சேக்ஸ்பியரானா' என்ற குழு, சுதந்திரம் கிடைத்த 1947ஆம் ஆண்டுக் காலத்திலும் பின்னர் 1950களிலும் இந்தியாவிற் சுற்றி நாடகமாடியது. கெண்டல் என்பது குடும்பப் பெயருமன்று. பிராக் என்ற குடும்பப் பெயரை விடுத்துத் தாம் பிறந்த ஊரின் பெயரைத் தந்தை சூடிக்கொண்டார். ஊர்ப் பெயரைக் கலைஞனின் பெயராக்கும் வழக்கம் நமக்குப் புதிதன்று.

இக்குழுவின் பொருளாதார அடிப்படை மனங்கொள்ளத்தக்கது. குடும்பமே அதன் உற்பத்தி அலகு. தந்தை நெறியாளரும் முதன்மை நடிகருமாவார். தாயும் மூத்த மகளும் பெண்பாத்திரங்களை ஏற்றனர். இளைய மகள் பெலிசிற்றி குழந்தைப் பருவத்திலிருந்தே மேடையில் வளர்ந்தார். பொதுமக்கள் நாட்டமன்று, பாடத்திட்டமே இக்குழுவின் முதன்மைச் சந்தை. ஆங்கில வழிக் கல்லூரிகளும் மலைவாச நகரங்களின் உறைவிடப் பாடசாலைகளும், எஞ்சியிருந்த சமஸ்தான மன்னர்களின் மாளிகைகளுமே அதனை வாழ்வித்தன. ஆங்கிலேயர் சென்றபின்னும் அவர்களது பரீட்சைகள் செல்லவில்லை. எனவே சேக்ஸ்பியரும் உடனடியாகச் செல்லவேண்டியிருக்கவில்லை.

இதனை நமது அரங்க வரலாற்றோடு ஒப்பிடுதல் பயனுடையது. காங்கேசன்துறை வசந்தகான சபாவை நடத்திய வி. வி. வைரமுத்து (1924–1989) ஊரூராகச் சென்று 'மயான காண்டம்' ஆடியபோது, அவரை வாழ்வித்தது கோயிற் றிருவிழாவும் அங்குத் திரண்ட கிராமத்து மக்களுமே. இரு குழுவினரும் இரவு முழுவதும் உழைத்து விடியலில் மூட்டை கட்டியவர்கள். ஆயின் ஒருவரது பார்வையாளர் அவரது மொழியிற் பிறந்தவர்கள்; மற்றவரது பார்வையாளர் அம்மொழியிற் சித்தியடைய வேண்டியவர்கள். இவ்வேறுபாடே பின்னர் ஜெனிபரின் திரைப்பாத்திரங்களின் அடிநாதமாயிற்று. தாம் நேசிக்கும் கலையைக் கேட்டுக்கொண்டிருப்போர் கடமைக்காகவே கேட்கின்றனர் என்பதை உணர்ந்த நடிகரின் தனிமை அது.

1956இற் கல்கத்தாவிலேயே பிருதிவி தியேட்டர்ஸ் குழுவைச் சேர்ந்த இளைஞரான சசி கபூரை அவர் சந்தித்தார். 1958இல் இருவரும் மணம் புரிந்தனர். சசியின் தந்தை பிருதிவிராஜ் கபூர் 1944இல் தொடங்கிய அக்குழுவும் குடும்பத்தையும் ஊர்சுற்றலையும் அடிப்படையாகக் கொண்டதே. ஆனால் அது இந்துஸ்தானி மொழியில், விடுதலைப் போராட்டத்தின் சூழலில், வகுப்புவாதத்துக்கெதிராக நாடகமாடியது. இச்சந்திப்பை இரு காதலரின் சந்திப்பாக மாத்திரம் பத்திரிகைகள் எழுதிவந்துள்ளன. காலனியத்தின் அரங்கும் காலனிய எதிர்ப்பின் அரங்கும் தத்தம் இறுதிக் காலத்தில் ஒன்றையொன்று சந்தித்தன எனக் கூறுவதே வரலாற்று நோக்கில் பொருத்தமாகும். பிருதிவி தியேட்டர்ஸ் 1960இல் மூடப்பட்டது.

3

'சுயாதீன சினிமா' என்ற தொடரை நாம் மிக எளிதாகக் கையாளுகின்றோம். எதிலிருந்து சுயாதீனம், எவரது பணத்தாற் சுயாதீனம் என்ற வினாக்களை எழுப்புவோர் குறைவு. ஜெனிபரின் திரைப்பணி இவ்வினாக்களுக்குத் தெளிவான விடை தருகின்றது.

இஸ்மாயில் மேர்ச்சன்ற்றும் ஜேம்ஸ் ஐவரியும் இணைந்து தயாரித்த முதற் கதைப்படம் 'த ஹவுஸ்ஹோல்டர்' (1963). அதனை அமெரிக்காவின் கொலம்பியா நிறுவனம், இந்தியாவிலிருந்து வெளியே எடுத்துச் செல்ல முடியாது முடங்கிக் கிடந்த தனது ரூபாய் வருமானத்தைக் கொண்டு வாங்கியது. ஹொலிவூட் படங்களுக்கு இந்தியப் பார்வையாளர் செலுத்திய நுழைவுக் கட்டணமே, அந்நியச் செலாவணிக் கட்டுப்பாட்டின் விளைவாக, இச்சிறு கொம்பனியின் அடுத்த முயற்சிக்கு வழிவிட்டது. அம்முயற்சியே 'சேக்ஸ்பியர் வாலா'. ராய் இசையமைக்க, அவரது ஒளிப்பதிவாளர் சுப்ரதா மித்ரா படம்பிடிக்க, கெண்டல் குடும்பத்தினர் தம்மையொத்த பக்கிங்ஹாம் குழுவினராக நடித்தனர். மலைவாச நகரொன்றில் விடுதி நடத்தும் திருமதி போவன் என்ற சிறு பாத்திரத்தை, பெயர்ப்பட்டியலில் இடம்பெறாமலே, ஜெனிபர் ஏற்றார்.

இரண்டாவது கட்டத்தில் மூலதனத்தின் பாதை இன்னும் வெளிப்படையானது. சசி கபூர் 1970களில் பம்பாய் வணிக சினிமாவின் ஓய்வறியா நட்சத்திரம். ஒரே நாளில் பல படப்பிடிப்புகளுக்கு அவர் ஓடியதைக் கண்டு, தமையனார் ராஜ் கபூர் அவரை வாடகைக் காருக்கு ஒப்பிட்டமை பலரறிந்தது. அவ்வாடகைக் கார் ஈட்டிய பணமே 'பிலிம்வாலாஸ்' என்ற தயாரிப்பு நிறுவனமாக மாறி, 'ஜுனூன்', 'கல்யுக்', '36 சௌரிங்கி லேன்', 'விஜேதா', 'உத்சவ்' ஆகிய படங்களைத் தந்தது. 1978இற் பம்பாயின் ஜுஹு கடற்கரையை அண்டிக் கணவனும் மனைவியும் திறந்த பிருதிவி அரங்கும் இதே ஊற்றிலிருந்து பிறந்ததே. அங்கு மேடையேறிய முதல் நாடகம் கோவிந்த் புருஷோத்தம் தேஷ்பாண்டேயின் 'உத்வஸ்த் தர்மசாலா'. மார்க்சியப் பேராசிரியர் ஒருவர் பல்கலைக்கழக விசாரணைக் குழுவின் முன் நிறுத்தப்படுவதே அதன் பொருள். வணிக சினிமாவின் உபரி, அவ்வணிகத்தை வளர்த்த சமூக அமைப்பையே வினவுகின்ற நாடகத்துக்குக் கூரையமைத்தது.

இதிலிருந்து, சுயாதீன சினிமா வெறும் பொய்த்தோற்றமே என்ற முடிவுக்கு விரைந்து செல்வது இயக்கவியல் நோக்காகாது. சார்ந்திருந்தே பெற்ற சுயாதீனம் இது என்பதே உண்மை. தனியொருவரது வருவாயையும் நல்லெண்ணத்தையும் நம்பிய இவ்வேற்பாடு நிறுவனமாக நிலைபெறவில்லை. 1984இல் 'உத்சவ்' பெரும் நட்டத்தில் முடிந்தது. அதே ஆண்டு செப்ரெம்பர் 7ஆந் திகதி ஜெனிபர் லண்டனிற் புற்றுநோயாற் காலமானார். அத்துடன் பிலிம்வாலாஸின் மாற்றுச் சினிமா முயற்சியும் அடங்கிப்போயிற்று. கட்டடமும் அதிற் குடியிருந்த நாடக இயக்கமுமே நிலைத்தன. அரங்குக்கு நிலமும் இருக்கைகளும் இருந்தன. சினிமாவுக்கோ ஒருவரது உடலுழைப்பு மாத்திரமே இருந்தது.

4

'பொம்பே டோக்கி'யில் ஜெனிபர் ஏற்ற லூசியா லேன், பம்பாய்த் திரையுலகைக் காணவரும் புகழ்பெற்ற ஆங்கில நாவலாசிரியை. மணமான நடிகன் ஒருவனோடு உறவு கொள்கின்றாள், சலித்தபோது ஆச்சிரமம் புகுகின்றாள், மீண்டும் வருகின்றாள், முடிவு கொலையாகின்றது. பேரரசின் காலத்தில் ஆங்கிலேயன் மூலப்பொருளைக் கொண்டு சென்றான். இப்பெண் அனுபவத்தைக் கொண்டுசெல்ல வந்தவள். இக்கட்டுரையிற் சொல்லப்படும் வரிசையில் அடங்காத பாத்திரம் இதுவே. இங்கு ஜெனிபரின் நடிப்பில் ஒரு தடுமாற்றம் தென்படுகின்றது. பாத்திரத்தை எள்ளுவதா பரிவோடு காண்பதா என்பதைப் படமும் தீர்மானிக்கவில்லை, அவரும் தீர்மானிக்கவில்லை. லூசியாவினாற் புறக்கணிக்கப்படும் மனைவி மாலாவாக நடித்தவர் அபர்ணா சென் என்பது இவ்விடத்திற் குறிக்கத்தக்கது. பதினொரு ஆண்டுகளின் பின்னர் அவரே ஜெனிபருக்கு அவரது வாழ்நாளின் மிகச் சிறந்த பாத்திரத்தை எழுதி நெறிப்படுத்தினார்.

'ஜுனூன்' வேறு தளத்தைச் சேர்ந்தது. ரஸ்கின் பொண்டின் கதையைத் தழுவி எடுக்கப்பட்ட இப்படம், 1857 எழுச்சியின்போது சாஜஹான்பூரில் நிகழ்கின்றது. தேவாலயத்திற் கணவன் கொல்லப்பட, மரியம் லபடூர் தன் மகள் ரூத்தோடும் வயோதிபத் தாயோடும் அடைக்கலந் தேடுகின்றாள். ரூத்தின்மேல் மோகங்கொண்ட ஜாவேத் கானின் வீட்டில் அவர்கள் விருந்தாளிகளாகவும் கைதிகளாகவும் தங்க நேர்கின்றது. மூலக்கதையிற் கணவன் அரசாங்க அலுவலக எழுதுவினைஞன். மரியமின் தாய்வழியோ இந்திய முஸ்லிம் குடும்பத்தது. ஆதலால் இவள் ஆளும் இனத்தவள் போலத் தோன்றினும் ஆளும் வர்க்கத்தவள் அல்லள். படைகளுக்கு மதில்கள் இருந்தன. இவளுக்கிருந்தது நாவன்மை ஒன்றே.

அந்நாவன்மையைக் கொண்டு அவள் ஓர் ஒப்பந்தம் செய்கின்றாள். டில்லியில் ஆங்கிலேயர் தோற்றால் மகளைத் தருவது. அவர்கள் டில்லியை மீட்டால் ஜாவேத் தன் எண்ணத்தைக் கைவிடுவது. ஒரு பெண்ணின் வாழ்வு, நூற்றுக்கணக்கான மைல்களுக்கு அப்பால் நிகழும் போரின் பெறுபேற்றோடு பிணைக்கப்படுகின்றது. இக்காட்சியில் ஜெனிபர் கண்ணீரை நாடவில்லை. உருது மொழியின் மரியாதைத் தொடர்களைக் கேடயமாக ஏந்தி, குரலைத் தாழ்த்தி, சந்தையிற் பேரம் பேசும் குடும்பத்தலைவியின் நிதானத்தோடு பேசுகின்றார். நாடகக் கொம்பனியில் அரசிகளை நடித்துப் பழகிய குரல் இங்கு அரசியாக மறுத்துவிடுகின்றது. தம் வர்க்கத்தைச் சரியாக இனங்கண்ட நடிப்பு இது. சபானா ஆஸ்மி, நஸ்ருதீன் ஷா போன்ற வலிமைமிக்க கலைஞர்களின் நடுவிலும் படத்தின் அறவுணர்வு மரியமைச் சுற்றியே நிலைகொள்வதற்குக் காரணம் இதுவே.

5

'36 சௌரிங்கி லேன்' படத்தின் வயலற் ஸ்ரோன்ஹாம், கல்கத்தாவிற் பெண்கள் பாடசாலையொன்றில் ஆங்கில இலக்கியம் கற்பிக்கும் ஆங்கிலோ-இந்திய ஆசிரியை. மணமாகாதவர். பழைய தொடர்மாடி வீடொன்றில் 'சேர் ரோபி' என்ற பூனையோடு தனித்து வாழ்பவர். அப்பெயரும் சேக்ஸ்பியரிடமிருந்து வந்ததே. தமையன் எடி முதியோர் இல்லத்தில் இருக்கின்றார். அவரை நடித்தவர் ஜெனிபரின் சொந்தத் தந்தை. பெறாமகள் றோஸ்மேரி மணமுடித்து அவுஸ்திரேலியா சென்றுவிட்டாள். பழைய மாணவி நந்திதாவும் அவளது காதலன் சமரேசும், எழுதுவதற்கு இடம் வேண்டுமெனக் கூறி, அவர் பாடசாலை சென்றிருக்கும் வேளைகளில் அவரது வீட்டைத் தமது தனிமைக்குப் பயன்படுத்துகின்றனர். அவர்களது வரவைத் தம்மீது கொண்ட அன்பாக அவர் நம்புகின்றார். திருமணத்தின்போது தம் பழைய கிராமபோனைப் பரிசளிக்கின்றார். நத்தார் இரவில் தாம் சுட்ட கேக்கை எடுத்துக்கொண்டு அவர்களது வீட்டுக்குச் செல்கின்றார். ஊரில் இருக்கமாட்டோம் எனக் கூறியிருந்தவர்களின் வீட்டில் விருந்து நடைபெறுகின்றது. உள்ளே நுழையாது திரும்பி, ஆளரவமற்ற வீதியில், பின்தொடரும் தெருநாயொன்றின் முன், லியர் மன்னனின் தளர்ந்த கூற்றை ஒப்புவித்தபடி நடந்து செல்கின்றார்.

இப்படத்துக்கு அபர்ணா சென் சிறந்த நெறியாளருக்கான இந்தியத் தேசிய விருதைப் பெற்றார். மணிலாத் திரைப்பட விழாவில் படம் முதற் பரிசைப் பெற்றது. ஜெனிபரின் பெயர் பிரித்தானியத் திரைப்பட அக்கடமியின் சிறந்த நடிகைக்கான பரிசுக்குப் பரிந்துரைக்கப்பட்டது. இவ்வாறு போற்றியோரும் போற்றாதோருமாக இருசாரார் படத்தைத் தவறாகவே விளங்கிக்கொண்டனர் எனலாம்.

தாராண்மைவாத விமர்சகர்கள் இதனை முதுமையின் தனிமை பற்றிய 'உலகப் பொதுமை' வாய்ந்த படமாகக் கண்டனர். மானிடத் துயர் எங்கும் ஒன்றே என்பது அவர்களது வாதம். நம்மவர் சிலரோ, பேரரசின் நினைவில் ஏங்கும் பிற்போக்குப் படைப்பென ஒதுக்கினர். முதலாவது வாசிப்பு வரலாற்றை அழிக்கின்றது. இரண்டாவது வாசிப்பு வர்க்கத்தை அழிக்கின்றது. வெள்ளைத் தோலைக் கண்டவுடன் ஆளும் வர்க்கத்தைக் கண்டதாக அது மயங்குகின்றது.

வயலற்றின் துயரம் முதுமையினால் மாத்திரம் வந்ததன்று. அவரது உழைப்பின் விலை வீழ்ந்துவிட்டது. பாடசாலையிற் புதிய நிருவாகம் அவரிடமிருந்து சேக்ஸ்பியரைப் பறித்து, கீழ்வகுப்புகளுக்கு இலக்கணம் கற்பிக்குமாறு பணிக்கின்றது. இதுவே படத்தின் அச்சாணி என்பது எமது கருத்து. பிறப்பினாலும் உச்சரிப்பினாலும் பெற்றிருந்த ஆங்கிலம் ஒரு காலத்தில் அவருக்குச் சொத்தாக இருந்தது. சுதந்திர இந்தியாவில் ஆங்கிலம் மறையவில்லை. பட்டமும் சான்றிதழும் பெற்ற புதிய மத்தியதர வர்க்கத்தின் கைக்கு மாறியது. மொழி எஞ்சியது, அதன் பழைய ஊழியர் வேண்டாதவராயினர். நந்திதாவும் சமரேசும் இப்புதிய வர்க்கத்தின் பிள்ளைகள். அவர்கள் தீயவர்கள் அல்லர். பயனுள்ளபோது பழகி, பயன் தீர்ந்தபின் மறப்பது அவர்கள் வாழும் சமூகத்தின் பொதுவிதி. அவ்விதியை அவர்கள் சிரித்த முகத்தோடு நிறைவேற்றுகின்றனர்.

இதனை ஜெனிபரின் உடல் விளக்கும் விதம் கவனிப்புக்குரியது. படம் வெளிவந்தபோது அவருக்கு நாற்பத்தெட்டு வயது. ஓய்வை நெருங்கிய ஆசிரியையின் நடையை அவர் முதுமையாக நடிக்கவில்லை, தேய்வாக நடித்தார். நீண்டகாலம் வகுப்பறையில் நின்ற கால்களின் நடை அது. விருந்தினர் வந்தபோது தேநீர்க் கோப்பைகளை எடுக்கும் அவசரத்தில், பயன்படாதிருந்த ஒன்று மீண்டும் பயன்படுவதன் மகிழ்ச்சி தெரிகின்றது. கோப்பையைப் பற்றி மாத்திரம் நாம் இதனைச் சொல்லவில்லை.

இறுதிக் காட்சியைப் பற்றி ஒரு சொல். லியரின் கூற்றை வயலற் சொல்வதால் அவரை லியரோடு சமன்செய்வது விமர்சகர்களின் வழக்கம். லியர் பகிர்ந்தளித்தது ஓர் இராச்சியம். வயலற் பகிர்ந்தளித்தவை ஒரு வீட்டுத் திறப்பு, ஒரு கிராமபோன், ஒரு கேக். இராச்சியத்தை இழந்தவனின் மொழியை, இராச்சியமே இல்லாதிருந்தவள் பேசுகின்றாள். அரசருக்கென எழுதப்பட்ட சொற்களை வாழ்நாள் முழுவதும் பிறர் பிள்ளைகளுக்குக் கற்பித்தவளுக்கு, தன் துயரைச் சொல்ல வேறு சொற்கள் இல்லை. பண்பாட்டு ஆதிக்கத்தின் மிகக் கொடிய விளைவு இதுதான். ஒருவரது மனவலியும் இரவல் மொழியிலேயே வெளிப்படவேண்டியிருத்தல். அதேவேளை, அச்சொற்கள் உரியவரிடம் வந்து சேர்ந்தது போன்ற உணர்வும் எழுகின்றது. உறைவிடப் பாடசாலைகளிற் கடமைக்காகக் கேட்கப்பட்ட சேக்ஸ்பியர், கேட்க ஒரு தெருநாயைத் தவிர எவருமற்ற வீதியிலேதான் உயிர்பெறுகின்றார். சேக்ஸ்பியரானாவின் நெடும்பயணம் இந்த வீதியில் முடிந்தது எனலாம்.

ஏங்கல்ஸ் 1888இல் ஆங்கில நாவலாசிரியை மார்கரெற் ஹார்க்னஸ்ஸுக்கு எழுதிய கடிதத்தில், வகைமாதிரியான சூழ்நிலையில் வகைமாதிரியான மாந்தரைக் காட்டுவதை யதார்த்தவாதத்தின் இலக்கணமாகக் கூறினார். வயலற் அத்தகைய வகைமாதிரி. அவரைத் தனியொரு கிழவியாக மாத்திரம் காண்போருக்கு அழுகை வரும். வரலாற்றின் ஒரு தருணமாகவும் காண்போருக்கு அழுகையோடு அறிவும் வரும்.

6

ஜெனிபரின் கலைவாழ்வில் முரண்பாடுகள் இல்லாமலில்லை. 1980களின் முற்பகுதியில் பிரித்தானியாவில் 'ராஜ்' காலத்தை அழகுபடுத்திக் காட்டும் திரைப்படங்களும் தொலைக்காட்சித் தொடர்களும் பெருகின. தச்சரின் அரசியலும் போக்லண்ட்ஸ் போரும் சார்ந்த காலம் அது. சல்மான் ருஷ்டி 1984இல் எழுதிய கட்டுரையொன்றில் அப்போக்கைக் கடுமையாகச் சாடினார். அவர் சாடிய 'த பார் பவிலியன்ஸ்' தொடரில் ஜெனிபரும் நடித்திருந்தார். 'ஹீற் அன்ட் டஸ்ற்' படத்தில் அவர் ஏற்ற திருமதி சாண்டர்ஸ், பிள்ளையை இழந்து கசந்துபோன வைத்தியரின் மனைவி. காலனியச் சமூகத்தின் மனநோயைச் சில நிமிடங்களிற் காட்டும் திறமான நடிப்பு எனினும், படத்தின் பட்டாடைகளுக்கிடையில் அது அமுங்கிப்போகின்றது. கூலிக்கு உழைக்கும் கலைஞர் தமக்குக் கிடைக்கும் வேலையையே செய்யமுடியும் என்பதை மறவாது, குறையைக் குறையென்றே கூறவேண்டும்.

இந்தியச் சினிமாவும் அவருக்குக் குறுகியதொரு வாயிலையே திறந்துவிட்டது. இந்நாட்டில் மணமுடித்து, மூன்று பிள்ளைகளைப் பெற்று, அதன் நாடக இயக்கத்துக்கு வீடமைத்துக் கொடுத்த பெண்ணுக்கு, வந்தவளாகவும் போகின்றவளாகவும் நிற்பதைத் தவிர வேறு பாத்திரம் வாய்க்கவில்லை.

அவரது வாழ்நாளின் இறுதி ஆண்டில் வெளியான 'கரே பாயிரே' இவ்வாயிலின் வரைபடம். தாகூரின் நாவலைத் தழுவிய அப்படத்தில், ஜமீன்தார் நிகிலேஷ் தன் மனைவி பிமலாவுக்கு ஆங்கிலமும் இசையும் கற்பிக்க அமர்த்தும் மிஸ் கில்பியாக அவர் தோன்றுகின்றார். சுதேசி இயக்கத்தின் கொந்தளிப்பில் மாணவனொருவன் எறிந்த கல்லாற் காயமுற்று, அவர் அவ்வூரைவிட்டு நீங்குகின்றார். வங்கத்தைப் பிரித்த கர்சன் பிரபுவை அக்கல் எட்டவில்லை. சம்பளத்துக்குப் பாட்டுக் கற்பித்த ஆசிரியையை எட்டியது. ஏகாதிபத்திய எதிர்ப்பு நியாயமானது என்பதில் ஐயமில்லை. ஆனால் வர்க்கத்தைக் காணாத எதிர்ப்பு, எட்டும் தூரத்தில் நிற்பவரையே தாக்குகின்றது. நமது நாட்டின் அண்மைக்கால வரலாறு இதற்கு வேறு சான்று வேண்டாதபடி செய்துள்ளது.

7

இலங்கையில் 1956ஆம் ஆண்டு உத்தியோக மொழிச் சட்டத்தின் பின்னர், பறங்கியர் சமூகத்தினர் பெருமளவில் அவுஸ்திரேலியாவுக்குக் குடிபெயர்ந்தனர். றோஸ்மேரியின் கடிதம் கல்கத்தாவுக்கு வந்தது போல் மட்டக்களப்புக்கும் கொழும்புக்கும் வந்திருக்கும். அவர்களைப் பற்றி நாம் எழுதியவை மிகக் குறைவு. ஆங்கிலத்தின் விலை வீழ்ந்தபோது யாழ்ப்பாணத்து எழுதுவினைஞர் வர்க்கமும் அதே அலையில் அகப்பட்டது. அதன் நெருக்கடியை இனநெருக்கடியாக மாத்திரம் எழுதிய நாம், உழைப்பின் விலை வீழ்ந்த கதையாகவும் அதனை எழுதத் தவறிவிட்டோம்.

சுருவிலில் ஓய்வுபெற்ற ஆங்கில ஆசிரியை ஒருவர் வாழ்ந்தார். இக்கட்டுரையாளனுக்கு ஆங்கிலம் சொல்லிக்கொடுத்தவர். 1990களின் தொடக்கத்திற் போரினால் தீவகம் இடம்பெயர்ந்தபோது தாமும் இடம்பெயர்ந்து, ஆண்டுகள் கழித்துத் திரும்பிவந்தவர். பிள்ளைகள் கடல்கடந்து சென்றுவிட்டனர். பூட்டிய வீடுகளுக்கும் வேலி சரிந்த வளவுகளுக்கும் நடுவே, பரீட்சைக்கென அச்சிடப்பட்ட பழைய நாடகப் பிரதியொன்றைத் தூசி தட்டி வைத்திருந்தார். 'இதைப் படிச்சு என்ன ரீச்சர் பயன்?' என்று சிறுவயதில் ஒருமுறை கேட்டதுண்டு. 'படிப்பிச்ச எனக்கே தெரியேல்லை, தம்பி. ஆனால் மறக்கேலாமல் கிடக்கு' என்றார். பின்னர் வயலற் ஸ்ரோன்ஹாமைத் திரையிற் கண்டபோது, அவர் அந்நியராகத் தோன்றவில்லை. இதனை உலகப் பொதுமை என்று நாம் சொல்லப்போவதில்லை. ஒரே பேரரசின் ஊதியப் பட்டியலில் இருந்தவர்களுக்கு ஒரேவிதமான முதுமை வாய்த்தது என்றே சொல்வோம்.

இத்தகையோரின் கதையைத் தமிழிற் படமாக்கும் ஆற்றல் நமக்கில்லை என்று கூறமுடியாது. ஊர்காவற்றுறையின் பெயரையே தம் பெயரிற் சூடிய காவலூர் இராசதுரை எழுத, சிங்களக் கலைஞரான தர்மசேன பத்திராஜ நெறிப்படுத்திய 'பொன்மணி' 1977இல் வெளிவந்தது. யாழ்ப்பாணத்துச் சாதியையும் சீதனத்தையும் பேசிய அப்படம், தென்னிந்திய வணிகப் படங்களுக்குப் பழகிய சந்தையில் தோல்வியுற்றது. அதன் பின்னால் ஒரு பிலிம்வாலாஸும் இருக்கவில்லை. நிலமும் இருக்கைகளும் கொண்ட ஓர் அரங்கும் இருக்கவில்லை. நடிகையின் மேதைமையை வியந்துகொண்டிருப்பவர்கள் இதனைச் சிந்திக்கவேண்டும். மேதைமை தோன்றுவதற்குத் திறமை போதும். அது திரையில் எஞ்சுவதற்கு மூலதனமும் நிறுவனமும் வேண்டும். அவற்றைத் தனியொரு நட்சத்திரத்தின் தயவில் விடாது, கூட்டுறவாகவும் பல்கலைக்கழகங்கள் வழியாகவும் கட்டியெழுப்புவதே இன்றைய பணியாகும்.

அப்பணி தாமதமாகும் ஒவ்வோர் ஆண்டும் நமது வயலற்றுகள் ஒவ்வொருவராக மறைகின்றனர். எமது ஆசிரியையின் வீடும் இப்போது பூட்டிக் கிடக்கின்றது.